அண்டிக் காலத்து அரசாங்கம்

பெரியவர்கள் யாரும் இல்லாமல் பிள்ளைகளை விட்டால் என்ன ஆகும் என்று கேட்டால் இரண்டு பதில்கள்தான் வருகின்றன. பிள்ளைகள் கள்ளங்கபடமற்றவர்கள், பெரியவர்கள்தான் அவர்களைக் கெடுக்கிறோம் என்பது ஒன்று. கண்காணிப்பு இல்லாவிட்டால் ஒருவரை ஒருவர் குதறிவிடுவார்கள் என்பது இன்னொன்று. கன்னியாகுமரி மாவட்டத்து விளவங்கோடு தாலுகாவில், 1970களின் கடைசியிலும் 1980களின் தொடக்கத்திலும், பகல் முழுக்கத் தனியாக விடப்பட்டு வளர்ந்தவன் நான். இரண்டு பதில்களையும் என்னால் ஏற்க முடியவில்லை. எங்களிடம் கொடுமை இருந்தது. அந்தக் கொடுமைக்கான மருந்தும் எங்களிடமே இருந்தது. அந்த மருந்து எதனால் உண்டாகியிருந்தது என்பதை எழுதிவைக்க வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருக்கிறேன். இன்று எங்கள் தெருவில் அது இல்லை என்பதால் அவசரமும் கூடியிருக்கிறது.

எங்கள் பக்கம் முந்திரிக்கொட்டையை அண்டி என்போம், முந்திரிப்பருப்பு ஆலையை அண்டியாபீஸ் என்போம். வீட்டுக்கு ஒரு பெண்ணாவது அங்கே வேலைக்குப் போனார்கள். பொழுது விடியும்போதே கருப்பட்டிக் காப்பியைக் குடித்துவிட்டு, தூக்குச்சட்டியில் கஞ்சியோடு கூட்டமாக நடந்து போவார்கள். வறுத்த அண்டியை உடைத்து உடைத்து, விரல்களில் சாம்பல் பூசியும் நிற்காமல், தோடு எனும் மேலோட்டின் எண்ணெய் ஏறிக் கறுத்த கைகளோடு பொழுது சாயும்போது திரும்புவார்கள். ஆண்களில் சிலர் விடியற்காலையில் ரப்பர் வெட்டப் போனார்கள், சிலர் கேரளத்தில் கூலி வேலை செய்தார்கள், சிலர் வளைகுடாவுக்குப் போய்விட்டிருந்தார்கள். முப்பது பெண்களுக்கு மேல் வேலை செய்யும் இடத்தில் பிள்ளைகளுக்கு ஓர் அறை இருக்க வேண்டும் என்றது அன்று நடப்பில் இருந்த 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம். அந்த அறை ஆறு வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்கு மட்டும்தான். ஆறு வயது முடிந்த பிள்ளை அந்தச் சட்டத்தின் கண்ணில் படவில்லை. நாங்கள் எல்லோரும் அப்படிப்பட்ட பிள்ளைகள்தான். பல வேளைகளில் கைக்குழந்தையும் அக்காவின் இடுப்பில் ஏறி எங்களோடேயே வந்துவிடும்.

கோடை விடுமுறையும், கொல்லாமரம் என்று நாங்கள் சொல்லும் முந்திரிமரம் காய்க்கும் காலமும் ஒன்றாக வரும். பழத்தைத் தின்றுவிட்டு அண்டியைச் சேர்த்துவைப்போம். கடையில் கொடுத்தால் காசு, விளையாட்டில் வைத்தால் பணயம், வறுத்தால் தீனி. ஆக, ஏப்ரல், மே மாதங்களில் எங்கள் ஒவ்வொருவரிடமும் செல்வம் என்று ஒன்று இருந்தது. செல்வம் வந்தால் அதிகாரமும் வந்துவிடும் அல்லவா?

விளையாட்டு எளிமையானது. மண்ணில் ஒரு கோடு கிழித்து, ஆளுக்கு இத்தனை என்று அண்டிகளை அதில் வரிசையாக நட்டுவைப்போம். தொலைவில் நின்று தட்டையான கல்லால் எறிய வேண்டும். கோட்டை விட்டு வெளியே சிதறியவை எறிந்தவனுக்கு. அவ்வளவுதான். ஆனால் பாதி வெளியே போய்ப் பாதி கோட்டில் கிடக்கும் அண்டி யாருடையது? கல் படாமல், தெறித்த மண் பட்டு விழுந்ததற்குக் கணக்கு உண்டா? தோற்றவன் கடன் வாங்கி ஆடலாமா? ஆட்டம் கொஞ்ச நேரத்தில் முடிந்துவிடும், வழக்கு உச்சிவேளை வரை நீளும். வழக்கு நடக்கும்போது யாரும் வீட்டுக்குப் போக மாட்டார்கள். எனக்கு இப்போது நினைவில் தங்கியிருப்பது எறிதல் அல்ல, அந்த வழக்குகள்தான்.

சுவிட்சர்லாந்து உளவியலாளர் ழான் பியாஜே ஜெனீவாவிலும் நியூஷாடெல்லிலும் கோலிக்குண்டு விளையாடிய பிள்ளைகளோடு தாமும் சேர்ந்துகொண்டு, இந்த விதியை யார் செய்தார்கள், இதை மாற்றலாமா என்று கேட்டுக் கேட்டு எழுதியவர். 1932இல் அது நூலாக வந்தது. சின்னப் பிள்ளைகள் விதி என்பது அப்பாக்களிடமிருந்தோ கடவுளிடமிருந்தோ வந்தது, தொடக் கூடாது என்றார்கள். பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகள், எல்லோரும் ஒப்புக்கொண்டால் மாற்றலாம் என்றார்கள். இதைக் கல்லூரியில் படித்தபோது எங்கள் கொல்லாமரத்து நிழல்தான் எனக்குத் தெரிந்தது. ஏழு வயதுப் பையன் கோட்டைத் தொட்டாலே பதறுவான். பன்னிரண்டு வயது அக்கா, “சரி, இன்று இப்படி வைத்துக்கொள்வோம், நாளைக்கு மாற்றிக்கொள்வோம்” என்பாள். ஏழு வயதுக்கும் பன்னிரண்டு வயதுக்கும் நடுவே உள்ள அந்தத் தொலைவை எந்த வாத்தியாரும் எங்களைக் கடக்க வைக்கவில்லை. பெரிய பிள்ளைகள் வழக்காடுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தே சின்னப் பிள்ளைகள் கடந்தார்கள்.

அண்டி வறுப்பதைச் சொல்லாவிட்டால் எங்கள் அரசாங்கம் புரியாது. தோட்டுக்குள் இருக்கும் எண்ணெய் பொல்லாதது. பட்ட இடம் பொள்ளிவிடும். கோடை முழுக்க எங்களில் யாருக்காவது உதட்டோரம் வெந்திருக்கும். உடைந்த மண்பானையின் ஓட்டிலோ பழைய தகரத்திலோ அண்டியைப் போட்டு அடியில் சருகைக் கொளுத்தினால், முதலில் வெள்ளைப் புகை வரும், பிறகு எண்ணெய் பொங்கி, குபீரென்று தீப்பற்றும். அந்த நேரத்தில் யாராவது துணிந்து நீண்ட கம்பால் ஓட்டைக் கவிழ்த்து மண்ணை அள்ளிப் போட வேண்டும். கொஞ்சம் முந்தினால் பருப்பு வேகாது, பிந்தினால் கரி. அந்தக் கம்பைப் பிடிப்பவன்தான் எங்கள் தலைவன். பதினான்கு வயது, எட்டாம் வகுப்போடு நின்றவன், ரப்பர் பால் எடுக்கப் போகும் அப்பாவுக்குக் காலையில் உதவிவிட்டு வருவான். சூடு ஆறியதும் எல்லோரும் வட்டமாக உட்கார்ந்து கல்லால் உடைப்போம். பருப்பைப் பங்கு வைப்பவனும் அவன்தான். இடுப்பில் இருக்கும் குழந்தைக்கு முதல் பருப்பு, பிறகு சின்னவர்கள், பிறகு நாங்கள். தனக்குக் கடைசியில், பெரும்பாலும் கரிந்தது. அவன் யாரையும் அடித்து நான் பார்த்ததில்லை. கடைசியில் எடுத்துக்கொள்வதுதான் அவனுடைய அதிகாரத்துக்கு ஆதாரம் என்பதை அந்த வயதிலேயே நாங்கள் எல்லோரும் அறிந்திருந்தோம். அவனும் அறிந்திருந்தான்.

தலைவன் இப்படி என்றால் கொடுமை எங்கிருந்து வந்தது? தலைவனுக்கு இரண்டு இடம் தள்ளி உட்கார்ந்திருந்தவர்களிடமிருந்து. எங்கள் கூட்டத்தில் வாசலைக் காத்தவன் யார் என்று யோசித்தால், ஒவ்வொரு கோடையிலும் அது கடைசியாக உள்ளே வந்தவனாகவே இருந்தான். தலைவனுக்கு யார் வந்தாலும் நட்டமில்லை. போன வருடம்தான் சேர்த்துக்கொள்ளப்பட்டவனுக்குத் தன் இடம் இன்னும் உறுதிப்படவில்லை. வெளியே ஒருவன் நின்றால்தான் தான் உள்ளே இருப்பது அவனுக்கே தெரியும். பிற்காலத்தில் அலுவலகங்களிலும் சங்கங்களிலும் திருமண வீடுகளிலும் இதையே திரும்பத் திரும்பப் பார்த்துவிட்டேன். புது மருமகளை அதிகம் வாட்டுகிறவள் மாமியாராக இருப்பதைவிட, போன ஆண்டு வந்த மருமகளாக இருப்பதே அதிகம்.

எங்களுக்கு வெளியே நின்றவன் ஒரு பையன். அப்பா இறந்த பிறகு தாயோடு மாமா வீட்டுக்கு வந்தவன், தோவாளைப் பக்கத்துப் பேச்சு. அவனை யாரும் அடிக்கவில்லை, திட்டவில்லை. நாளைக்கு எங்கே கூடுகிறோம் என்பதை மட்டும் அவனிடம் சொல்லாமல் விட்டோம். அவன் கொல்லாமரத்தடிக்கு வந்தால் நாங்கள் குளத்தில் இருப்போம். குளத்துக்கு வந்தால் ஆற்றங்கரையில். ஒரு நாள் படித்துறைக்கு வந்து சேர்ந்துவிட்டான். “மக்கா, நீ வர வேண்டாம், ஆள் சரியாக இருக்கிறது” என்றான் வாசல் காப்பவன். இரண்டு கட்சி பிரித்து ஆடும் ஆட்டம் ஒன்றும் அப்போது நடக்கவில்லை. வெறுமனே குளித்துக்கொண்டிருந்தோம். குளிப்பதற்கு என்ன ஆள் கணக்கு? அந்தப் பையன் பதில் பேசாமல் மேல்படியில் உட்கார்ந்து கால் நகத்தைக் கிள்ளிக்கொண்டிருந்தான். தலைவன் அன்று வந்திருக்கவில்லை.

கிப்லிங் வில்லியம்ஸ் என்ற உளவியலாளர் பூங்காவில் இருந்தபோது முன்பின் தெரியாத இருவர் எறிந்து விளையாடிய தட்டு அவர் பக்கம் வந்து விழுந்ததாம். எடுத்து எறிந்திருக்கிறார். அவர்கள் அவரையும் சேர்த்துக்கொண்டு சில நிமிடம் ஆடிவிட்டு, பிறகு அவருக்கு எறிவதை நிறுத்திவிட்டார்கள். முகம் தெரியாதவர்கள் செய்த அந்தச் சின்னப் புறக்கணிப்பு அவ்வளவு வலித்ததைக் கண்டு வியந்து, கணினியில் பந்து எறியும் விளையாட்டு ஒன்றை உருவாக்கிப் பல்லாண்டு ஆராய்ந்தார். அந்த விளையாட்டை வைத்து அவரும் வேறு இருவரும் 2003இல் வெளியிட்ட ஆய்வில், ஆட்டத்தில் ஒதுக்கப்பட்டவருடைய மூளையில் உடல் வலியோடு தொடர்புடைய பகுதியே தூண்டப்படுவதைக் காட்டினார்கள். மேல்படியில் உட்கார்ந்திருந்த பையனைப் பார்த்த யாருக்கும் அது புதிய செய்தியாக இருக்காது.

ஒதுக்குவதைப் பிள்ளைகள் தாமாகவே கண்டுபிடித்துக்கொள்கிறார்கள். யாரை ஒதுக்குவது என்பதைத்தான் பெரும்பாலும் பெரியவர்களிடமிருந்து வாங்குகிறார்கள். எங்கள் பாட்டிக்கு ஊரின் குளங்கள் பற்றி ஒரு வரைபடம் மனதில் இருந்தது. குறிப்பிட்ட ஒரு குளத்தின் வடக்குப் படிக்கு மட்டும் போகாதே என்பாள். காரணம் கேட்டால் ஆழம் என்பாள். ஆழம் தெற்கே என்பது குதித்த எங்களுக்குத் தெரியும். எங்கள் பகுதியும் அடங்கியிருந்த திருவிதாங்கூரின் மன்னர், எல்லாச் சாதி இந்துக்களும் கோயிலுக்குள் போகலாம் என்ற கோயில் நுழைவு அறிவிப்பை வெளியிட்டது 1936 நவம்பர் 12இல். பாட்டி அதற்கு முந்தைய காலத்தில் பிள்ளையாக இருந்தவள். எந்த வழியில் நடக்கலாம், எந்தத் தண்ணீரில் இறங்கலாம் என்பதைப் பயத்தோடு கற்றவள். சட்டம் மாறி நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆன பிறகும் அவளுடைய கால் அந்தப் படியில் இறங்கவில்லை. நாங்கள் வடக்குப் படியில்தான் அதிகம் குளித்தோம். அதற்குத் துணிச்சல் ஒன்றும் தேவைப்படவில்லை. அந்தப் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் எங்களோடுதான் அண்டி ஆடினார்கள், அவர்களுடைய படி எங்களுக்கும் படியாகிவிட்டது.

பிறகு 1982 வந்தது. மார்ச் மாதத் தொடக்கத்தில், மண்டைக்காடு பகவதி அம்மன் கோயிலின் மாசிக் கொடை நேரத்தில் இந்துக்களுக்கும் கிறிஸ்தவர்களுக்கும் இடையே மூண்ட கலவரம், போலீஸ் துப்பாக்கிச் சூடு, கடற்கரை ஊர்களில் எரிந்த குடிசைகள் எல்லாம் குமரி மாவட்டத்துக்காரர்கள் யாரும் மறக்க முடியாதவை. எங்கள் ஊர் கடலிலிருந்து உள்ளே தள்ளி இருந்தது, எதுவும் எரியவில்லை. ஆனாலும் வீடுகள் மாறிவிட்டன. எங்கள் பக்கத்தில் ஒரே குடும்பத்தில் ஒரு தம்பி ஞாயிற்றுக்கிழமை சபைக்குப் போவார், ஒரு தம்பி அம்மன் கோயில் கொடைக்கு வரி கட்டுவார். கிறிஸ்துமஸுக்கும் கொடைக்கும் பலகாரம் இரு பக்கமும் போகும். அந்த ஆண்டு அது நின்றது. “அவர்கள் பிள்ளைகளோடு சேராதே” என்று முதல் முறையாக எங்களிடம் சொன்னார்கள். அவர்கள் என்றால் யார்? சித்தப்பா பிள்ளைகள்.

கோடை விடுமுறை வந்தபோது நாங்கள் இரண்டு கூட்டமாக நின்றோம். குளத்துக்கு இந்தப் பக்கம் ஒரு கூட்டம், ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு கூட்டம். வாசல் காப்பவர்களுக்கு இரண்டு பக்கமும் நல்ல மதிப்பு. பெரியவர்கள் பேசியதைக் கேட்டுவந்து சொல்கிறவன் பெரிய ஆள். எங்கள் தலைவன் இந்த நேரத்தில் வாடிப்போனான். இரண்டு கூட்டத்தில் எதற்கும் அவன் தலைவனாக விரும்பவில்லை. ரப்பர் தோட்டத்திலேயே பகலைக் கழித்தான்.

ஆனால் அண்டி விளையாட்டுக்கு ஆள் வேண்டும். நாலைந்து பேர் ஆடினால் கோட்டில் பணயம் சேராது, ஒரே எறியில் தீர்ந்துவிடும். அந்தச் சமயத்தில் இரண்டு கூட்டத்துக்கும் நினைவு வந்தது, மேல்படியில் உட்கார்ந்திருந்த பையனைத்தான். அவன் மாமா ஒரு பெரிய கொல்லாத்தோப்பின் காவல்காரர். உதிரும் அண்டியில் பொறுக்கிக்கொள்ளலாம் என்று அவனுக்கு அனுமதி உண்டு. ஒரு சாக்கு நிறைய வைத்திருந்தான். இரு கூட்டமும் அவனை அழைத்தன. அவன் எந்தப் பக்கமும் போகவில்லை. ஓடையின் பாலத்துக்குப் பக்கத்தில், இரண்டு பக்கத்திலிருந்தும் பார்த்தால் தெரியும் இடத்தில் கோடு கிழித்துத் தன் அண்டிகளை நட்டுவைத்தான். வந்து எறிந்தவன் எவனோ அவனோடு ஆடினான். யார் எந்த வீட்டுப் பிள்ளை என்று கேட்கும் அளவுக்கு அவனுக்கு எங்கள் ஊர் தெரியாது. முதலில் இந்தப் பக்கத்து இரண்டு பேர், பிறகு அந்தப் பக்கத்து மூன்று பேர். பாதி கோட்டில் கிடந்த ஓர் அண்டிக்காகப் பழைய வழக்கு கிளம்பியது. தீர்ப்புச் சொல்ல ஆள் இல்லை. ரப்பர் தோட்டத்துக்கு ஓடிப்போய்த் தலைவனைக் கூட்டிவந்தார்கள். மே மாதம் முடிவதற்குள் கூட்டம் ஒன்றாகிவிட்டது. பலகாரம் மறுபடி இரு பக்கமும் போக இன்னும் சில ஆண்டுகள் ஆயின.

இதைச் சிலர் நம்ப மாட்டார்கள், பழைய நினைவு எல்லாவற்றையும் இனிப்பாக்கிவிடும் என்பார்கள். அவர்களுக்காக முசாபர் ஷெரீஃப் செய்த சோதனைகளைச் சொல்கிறேன். துருக்கியில் பிறந்து, சிறுவயதில் இனப்பகையின் இரத்தத்தைக் கண்டு, அமெரிக்காவில் உளவியல் பேராசிரியராக இருந்தவர். 1954இல் ஓக்லஹோமாவின் ராபர்ஸ் கேவ் பூங்காவில் 11 வயதை ஒட்டிய 22 சிறுவர்களை இரு குழுக்களாக முகாமில் வைத்தார். போட்டி வைத்ததும் குழுக்கள் கொடியைக் கொளுத்தின, குடிலைச் சூறையாடின. பிறகு தண்ணீர் வருவது தடைப்பட்டது, வண்டி நின்றுபோனது என்று இருவரும் சேர்ந்தால்தான் தீரும் சிக்கல்களை உண்டாக்கியபோது பகை தணிந்தது. பாடநூல்கள் எல்லாம் இதைச் சொல்கின்றன. அதிகம் பேசப்படாதது அதற்கு முந்தைய ஆண்டு நடந்தது. 1953இல் நியூயார்க் மாநிலத்தின் மிடில் குரோவில் அவர் நடத்திய முகாமில் சிறுவர்கள் முதல் சில நாட்கள் ஒன்றாக இருந்து நட்பாகிவிட்டார்கள். அதன் பிறகே இரண்டாகப் பிரித்தார். ஆய்வாளர்கள் இரகசியமாகத் துணிகளைக் களவாடியும் கூடாரத்தைச் சாய்த்தும் மூட்டிவிடப் பார்த்தார்கள். பையன்கள் ஒருவரை ஒருவர் சந்தேகிக்கவில்லை. இதைச் செய்வது பெரியவர்கள்தான் என்று கண்டுபிடித்துவிட்டார்கள். சோதனையைக் கைவிட வேண்டியதாயிற்று. மறு ஆண்டு, அறிமுகமே இல்லாத சிறுவர்களைத் தேர்ந்து, முதலிலிருந்தே தனித்தனியாக வைத்தார்.

எனக்கு இதில் எல்லாமே இருக்கிறது. பிரிப்பதற்கு முன் சேர்ந்து ஆடியிருந்தார்களா இல்லையா என்பதுதான் அந்த இரண்டு முகாம்களின் கதையை வேறாக்கியது என்று நினைக்கிறேன். 1982க்கு முன் பல கோடைகள் நாங்கள் ஒரே ஓட்டில் அண்டி வறுத்துத் தின்றிருந்தோம். பெரியவர்கள் கொடுத்த பகை எங்கள் மேல் ஒட்டியது, ஆனால் ஊறவில்லை.

ஆபத்துகளை மறைக்கவில்லை. குளம் உயிர் வாங்கும். இன்றும் கோடையில் குளத்திலும் ஆற்றிலும் கல்குவாரிப் பள்ளத்திலும் பிள்ளைகள் மூழ்கும் செய்தி வராத ஆண்டு இல்லை. எங்கள் கூட்டத்தில் சின்னவர்கள் மூன்றாம் படிக்குக் கீழே இறங்கக் கூடாது, ஏறும்போது மூத்தவள் தலை எண்ண வேண்டும் என்ற விதி இருந்தது. அது போதாது என்பதை ஒப்புக்கொள்கிறேன். குளக்கரையில் நீந்தத் தெரிந்த பெரியவர் ஒருவர் இருக்கட்டும். அவர் கண் தண்ணீர் மேல் இருந்தால் போதும், வழக்குகளில் நுழைய வேண்டியதில்லை.

இப்போது எங்கள் தெருவில் காலை ஏழரைக்கு மஞ்சள் வேன்கள் வருகின்றன. ஒவ்வொன்றும் ஒவ்வொரு பள்ளிக்கு. எந்தப் பள்ளி என்பது பெற்றோரின் மதத்தையும் வருமானத்தையும் ஒட்டியே அமைகிறது. வேனில் ஏறியதும் வகுப்பு, அதாவது ஒரே வயதுப் பிள்ளைகள். விடுமுறையில் கோடைக்கால முகாம், அங்கும் வயதுவாரியாகப் பிரிவு, கையில் விசிலோடு ஒரு பயிற்சியாளர். கோட்டில் பாதி கிடந்தால் அவரே தீர்ப்புச் சொல்லிவிடுகிறார். கொல்லாமரங்கள் பெரும்பாலும் போய் ரப்பர் வந்துவிட்டது. மூன்று வீடு தள்ளி இருக்கும் பையனின் பெயர் என் தங்கை மகளுக்குத் தெரியவில்லை. அவள் வகுப்புத் தோழிகள் கைப்பேசிக் குழுவிலிருந்து அவளை நீக்கிய அன்று இரவு அவள் சாப்பிடவில்லை. எங்களுக்குக் குளத்தங்கரையில் கதவடைத்தால் ஓடைக்கரை இருந்தது, பாட்டி வீட்டுப் பக்கத்துப் பிள்ளைகள் இருந்தார்கள், ஞாயிறு பள்ளியும் கொடைக்கால மேளத்தின் பின்னால் ஓடும் கூட்டமும் இருந்தன. அவளுக்கு அந்த ஒரு குழுதான். ஒரே வாசல் உள்ள வீட்டில் பூட்டப்பட்டவளைப்போல உட்கார்ந்திருந்தாள். ஒதுக்குகிறவர்களைக் குறை சொல்லி நமக்குப் பழக்கம். போக வேறு இடமே இல்லாமல் ஒரு பிள்ளையை வளர்த்திருக்கிறோமே, அதைப் பற்றி யார் பேசுவது?

எங்கள் வீட்டுக்குப் பின்னால் இருக்கும் விளையில் ஓர் ஓரம் வெறுமையாகக் கிடந்தது. ரப்பர் நட வேண்டாம் என்று முடிவு செய்து, போன கோடையில் வேலியில் வழி திறந்துவிட்டேன். கோடைவிடுமுறையில் தெருப்பிள்ளைகள் வரலாம் என்று வீடுவீடாகச் சொன்னேன். சில வீடுகளில் யார் பார்த்துக்கொள்வார்கள் என்று கேட்டார்கள். திண்ணையில் நான் இருப்பேன் என்றேன். முதலில் வந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றார்கள், என்ன ஆடுவது என்று என்னிடம் கேட்டார்கள். நான் சொல்லவில்லை. பந்து வந்தது, பிறகு மட்டை, பிறகு சண்டை. தங்கை மகளும் வந்தாள், பந்தெடுத்துப் போடுகிறவளாகச் சேர்ந்து, மே மாதத்தில் பந்து வீசுகிறவளானாள்.

இந்தக் கோடையில் அவர்களுக்குள் ஒரு வழக்கு நடக்கிறது. ஒருத்தி தன் நான்கு வயதுத் தம்பியைத் தினமும் கூட்டிவருகிறாள். அவனை ஒப்புக்குச் சப்பாணியாக எந்தக் கட்சியில் சேர்ப்பது, அவன் மட்டையில் பந்து பட்டால் ஓட்டம் உண்டா, அவனை அவுட் ஆக்கலாமா என்று பேசிக்கொண்டே இருக்கிறார்கள். போன வருடம் கடைசியாக வந்து சேர்ந்த பையன்தான் அவனைச் சேர்க்கவே கூடாது என்று அதிகம் கத்துகிறான். நேற்று அவன் நேராகத் திண்ணைக்கு வந்து, “மாமா, நீங்களே சொல்லுங்கள்” என்றான். அது உங்கள் விதி, அவர்களிடமே போய்ப் பேசு மக்கா என்று திருப்பி அனுப்பினேன். முறைத்துக்கொண்டே போனான். இருட்டும் வரை வேலிக்கு அப்பாலிருந்து சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. இன்று மாலையும் தொடரும் என்று தங்கை மகள் சொல்கிறாள்.